பாரதி புதுவையில் படித்த ஹைக்கூவும் நாம் எழுதும் மூன்று வரியும்

கெடிலக்கரை (மஞ்சக்குப்பம், கடலூர்) – சனி, இரவு 9.10

பள்ளி மாணவர்களின் ஹைக்கூ (ஜப்பானிய வகைக் குறுங்கவிதை) போட்டி ஒன்றுக்கு நடுவராக இருந்துவிட்டு இப்போதுதான் வீடு திரும்பினேன். நூற்று நாற்பது கவிதைகள். பெரும்பாலானவற்றில் முதல் இரண்டு வரி ஒரு பக்கம் கூட்டிப் போகும், மூன்றாவது வரி சட்டென்று தோளைத் தட்டித் திரும்பிப் பார்க்கச் சொல்லும். மரத்தை வெட்டியவன் நிழல் தேடுவான். குழாயடியில் குடம் நிறையாது, கண் நிறையும். பிள்ளைகள் மேல் எனக்கு வருத்தமில்லை. ஹைக்கூ என்று நாம் அவர்களுக்குக் காட்டி வந்ததே இதைத்தான். அந்த மனத்தாங்கலோடுதான் எழுதுகிறேன்.

தமிழில் இந்தச் சங்கதி எங்கே தொடங்கியது என்று பார்த்தால், நம் பக்கத்து ஊரில்தான். பாரதி 1908 முதல் 1918 வரை புதுச்சேரியில் இருந்தார். அங்கிருந்தபோது, 1916 அக்டோபர் 16 சுதேசமித்திரனில், ஜப்பானியக் கவிதை பற்றி ஒரு சின்னக் கட்டுரை எழுதினார். கல்கத்தாவிலிருந்து வந்த மாடர்ன் ரிவ்யூ பத்திரிகையில் யோனே நோகுச்சி என்ற ஜப்பானியக் கவிஞர் எழுதியதைப் படித்துவிட்டு எழுதியது. இதே நோகுச்சிதான் 1914-இல் இங்கிலாந்தில் ஜப்பானியக் கவிதை பற்றி உரையாற்றியவர். லண்டன் கவிஞர்கள் காது கொடுத்த அதே குரலை, ஏறக்குறைய அதே காலத்தில், புதுச்சேரியில் ஒருவர் படித்துத் தமிழில் எழுதிவிட்டார். இதை நினைக்கும்போதெல்லாம் எனக்குப் பெருமையாக இருக்கிறது.

அந்தக் கட்டுரையில் ஜப்பானிய ஹைக்கூக் கவி பாஷோவின் சீடர் ஹொகுஷி வருகிறார். அவர் வீடு தீப்பிடித்து எரிந்துபோகிறது. அதைக் குருவுக்குத் தெரிவிக்க அவர் எழுதியனுப்பிய கவிதையில் இருப்பது இரண்டே செய்தி: வீடு எரிந்தது. உதிர்கிற பூக்கள்தான் எத்தனை அமைதியாக இருக்கின்றன. தோளைத் தட்டுகிற வேலையே இல்லை. எரிந்த வீடும் உதிரும் பூவும் பக்கத்தில் பக்கத்தில் இருக்கின்றன, அவ்வளவுதான்.

இந்த இடத்தில் என் வீட்டுக் கதை ஒன்று சொல்ல வேண்டும். 2011 டிசம்பர் 30, தானே புயல். விடியற்காலையில் எங்கள் வீட்டு ஓடு பாதி போய்விட்டது. பின்பக்கத்துப் பலா சமையலறைச் சுவர் மேல் சாய்ந்து கிடந்தது. காற்று கொஞ்சம் அடங்கியதும் வெளியே வந்தால் தெருவே அடையாளம் தெரியவில்லை, கரண்டுக் கம்பமெல்லாம் வளைந்து கிடக்கிறது. அம்மாவைக் காணோம் என்று தேடினேன். கொல்லையில் வேரோடு சாய்ந்து கிடந்த முருங்கைக்குப் பக்கத்தில் குந்தியிருந்தார். ஈரத்தோடு ஒட்டிக்கிடந்த பூவை ஒவ்வொரு கொத்தாக உருவி மடியில் போட்டுக்கொண்டிருந்தார். "பூ வீணாப் போகுதேடா" என்றார். அழவில்லை, பதறவில்லை, விரல் மட்டும் வேலை செய்துகொண்டிருந்தது.

பாரதியின் கட்டுரையை நான் படித்தது அதற்கு இரண்டு வருடம் கழித்து. ஹொகுஷியின் பூ என்றதும் எனக்கு அம்மாவின் மடிதான் நினைவுக்கு வந்தது.

என் கட்சி இதுதான். கிழக்கிலிருந்து நவீன கவிதைக்கு வந்து சேர்ந்தது ஒரு பார்க்கும் பழக்கம். எதிரில் இருப்பதைத் தன் கருத்துக்கு வேலையாளாக்காமல் பார்க்கிற பழக்கம். புதுக்கவிதை முன்னோடி ந. பிச்சமூர்த்திக்கு அது இருந்தது. 'பிக்ஷு' என்றே புனைபெயர் வைத்துக்கொண்டவர் அவர். பிரமிளின் அந்த ஒற்றை இறகுக் கவிதையில் அது இருக்கிறது: சிறகை விட்டுப் பிரிந்த இறகு, காற்றில் ஒரு பறவையின் வாழ்க்கையையே எழுதிக்கொண்டு போகும். மூன்று வரி என்ற அளவை எடுத்துக்கொண்ட நாம் அந்தப் பழக்கத்தை எடுத்துக்கொள்ளவில்லை. நீங்கள் என்ன நினைக்கிறீர்கள்?

---

முத்தியால்பேட்டை – சனி, இரவு 9.48

ஐயா, அம்மாவைப் பற்றி எழுதியது மனதைத் தொட்டது. ஆனால் ஒரு கேள்வி. இதற்கு ஜப்பான் வரைக்கும் ஏன் போக வேண்டும்? குறுந்தொகையில் இல்லாத சுருக்கமா? ஜென் என்கிற பௌத்த தியான மரபைச் சீனாவுக்குக் கொண்டுபோன போதிதருமரே காஞ்சிபுரத்துக்காரர் என்கிறார்கள். நம்மிடமிருந்து போனது நம்மிடமே திரும்பி வந்திருக்கிறது என்று ஏன் சொல்லக்கூடாது?

---

கெடிலக்கரை – சனி, இரவு 10.15

போதிதருமர் விஷயத்தில் நிதானமாக இருப்போம். 547-இல் எழுதப்பட்ட, லோயாங் நகர மடங்களைப் பற்றிய சீன நூல் அவரைப் பாரசீகத்துக்காரர் என்கிறது. சீனத் துறவி தான்லின் எழுதிய குறிப்பு தென்னிந்தியர் என்கிறது. காஞ்சி என்பது பின்னால் வந்த மரபு. நிச்சயமாகச் சொல்லக்கூடியது சொல்லின் பயணத்தைத்தான். தியானம் என்ற சொல் சீனத்தில் சான் ஆகி, ஜப்பானில் ஜென் ஆனது.

குறுந்தொகை பற்றிச் சொன்னது சரி. கபிலரின் 25-ஆம் பாட்டு எனக்கு உயிர். அவன் என்னை மணந்தபோது வேறு யாருமில்லை, தினைத்தாள் போல மெலிந்த காலோடு ஓடுநீரில் ஆரல்மீனைப் பார்த்து நின்ற குருகு மட்டும்தான் இருந்தது என்கிறாள் தலைவி. அந்தக் குருகுக்கு இவள் கதை எதுவும் தெரியாது. அது மீனைப் பார்க்கிறது. பாஷோவிடம் கொண்டுபோய்க் கொடுத்தால் அந்தக் குருகை மட்டும் வைத்துக்கொண்டு மீதியை நமக்கே திருப்பித் தந்திருப்பார் என்று தோன்றும். நம் பாட்டில் சொல்கிறவள் யார், கேட்கிறவள் யார், என்ன திணை என்பதெல்லாம் வேண்டும். அது ஒரு நாடகம். ஹைக்கூவில் பேசுகிறவர் விலகி நிற்கிறார். இரண்டும் உறவுதான், ஒன்று அல்ல.

---

மிஷன் வீதி (புதுச்சேரி) – சனி, இரவு 11.32

ஆங்கில இலக்கியம் கற்பித்து ஓய்வு பெற்றவன். மேற்கில் நடந்ததையும் கொஞ்சம் சேர்த்துப் பார்க்கலாம் என்று எழுதுகிறேன்.

அமெரிக்கக் கவிஞர் எஸ்ரா பவுண்ட் பாரிஸ் மெட்ரோ நிலையத்தில் சில முகங்களைப் பார்த்தார். அதைப் பற்றி முப்பது வரி எழுதிக் கிழித்துப் போட்டார். ஆறு மாதம் கழித்து அதில் பாதியளவு எழுதினார். இன்னும் ஒரு வருடம் போனபின் அது ஒரே வாக்கியமாக, இரண்டு வரியாக நின்றது. 1913-இல் அச்சானது. கூட்டத்தில் முகங்கள், ஈரமான கருங்கிளையில் இதழ்கள். நடுவில் 'போல' இல்லை. நம் பிள்ளைகளுக்கு நான் வகுப்பில் இந்த முப்பது வரிக் கதையைத்தான் முதலில் சொல்வேன். இரண்டு வரி என்பது இரண்டு வரி உழைப்பு இல்லை.

கவிஞர் டி. எஸ். எலியட் வேறு மாதிரி. ஹார்வர்டில் லான்மனிடம் சமஸ்கிருதமும் பாலியும் படித்தார், உட்ஸிடம் பதஞ்சலி. 1922-இல் வந்த 'பாழ்நிலம்' (The Waste Land) என்ற நெடுங்கவிதையின் மூன்றாம் பகுதிக்கு அவர் வைத்த தலைப்பு, புத்தர் கயையில் நிகழ்த்திய நெருப்பு உபதேசம். அந்த உபதேசத்தைக் கேட்டவர்கள் யார் என்று நினைத்துப் பாருங்கள்: அதுவரை தீயை வழிபட்டு வந்த ஆயிரம் சடாமுடித் துறவிகள். அவர்களிடம் போய், கண் எரிகிறது, காது எரிகிறது, பார்க்கிற பொருளெல்லாம் எரிகிறது என்கிறார் புத்தர். எலியட் அந்த நெருப்பைக் கொண்டுபோய் வைத்த இடம் ஒரு தட்டச்சுக்காரப் பெண்ணின் அறை. தகர டப்பாச் சாப்பாடு, கட்டில் மேல் குவிந்த துணி, கடைசியில் அவள் கிராமபோனில் இசைத்தட்டை வைப்பாள். தீ என்ற சொல்லே அந்த அறையில் இல்லை. ஆனாலும் படித்துக்கொண்டே போனால் உடம்பு சுடும். இளைஞனாக முதல் தடவை அதைப் படித்த இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை.

எலியட் பௌத்தர் ஆகவில்லை. அந்தப் படிப்பு தன்னை ஒருவிதத் தெளிந்த குழப்பத்தில் விட்டது என்று பின்னாளில் எழுதினார். முழுதாக உள்ளே போக வேண்டுமென்றால் ஐரோப்பியனாக, அமெரிக்கனாக யோசிப்பதையே மறக்க வேண்டியிருக்கும் என்று நின்றுகொண்டார். 1927-இல் ஆங்கிலிகன் திருச்சபையில் சேர்ந்தார். நிற்காமல் உள்ளே போனவர் அமெரிக்கக் கவிஞர் கேரி ஸ்னைடர். கியோட்டோவில் வருடக்கணக்கில் மடத்துப் பயிற்சி எடுத்தார், மலைவாசிக் கவி ஹன்ஷானை மொழிபெயர்த்தார். அவர் கவிதையில் தத்துவத்தைத் தேடினால் கல் அடுக்குவதும் விறகு வெட்டுவதும்தான் கிடைக்கும். கெடிலக்கரை சொல்லும் பார்க்கும் பழக்கம் என்பது அங்கே நன்றாகவே தெரிகிறது.

நம் ஊரைப் பற்றியும் ஒன்று. 1910 ஏப்ரல் 4 அன்று புதுச்சேரி வந்து இறங்கிய அரவிந்தர், அதற்கு இரண்டு வருடம் முன்பு பரோடாவில் தனக்கு வாய்த்த நிர்வாண அனுபவத்தைப் பின்னாளில் பதினான்கு வரிக் கவிதையாக எழுதினார். தலைப்பும் அதுவே. அவருக்கு அது முடிவாக இல்லை, தொடக்கமாக இருந்தது. பாரதியும் அவரும் பேசிப் பழகிய ஊரில் இந்த உரையாடலை நாம் நடத்துவதே நல்ல விஷயம்தான்.

---

நெல்லிக்குப்பம் – ஞாயிறு, காலை 7.05

எல்லோரும் நன்றாகவே பேசுகிறீர்கள். ஆனால் இந்த இழையில் புத்தர் உட்கார்ந்தே இருக்கிறார். கண்ணை மூடி, மௌனமாக. எனக்கு அது போதவில்லை.

தமிழ்நாட்டில் புத்தர் நவீன காலத்துக்குள் வந்த வழி ஜப்பான் வழி மட்டும் இல்லை. 1898-இல் அயோத்திதாசர் சாக்கிய பௌத்த சங்கத்தைத் தொடங்கினார். 1907-இல் 'ஒரு பைசாத் தமிழன்' பத்திரிகை. அவருக்குப் பௌத்தம் அமைதி தேடுகிற இடமாக மட்டும் இருக்கவில்லை. இழிவு என்று சொல்லப்பட்டதை இல்லை என்று மறுக்க, தமிழ் இலக்கியத்தையே வேறு கண்ணால் படித்த படிப்பு அது. பாரதி புதுவைக்கு வருவதற்கு முன்பே அந்தப் பத்திரிகை வந்துகொண்டிருந்தது. நவீனத் தமிழ்க் கவிதையின் பௌத்தத் தொடர்பைப் பேசும்போது 1916-இலிருந்து தொடங்குகிறோமே, அயோத்திதாசரை ஏன் விட்டுவிடுகிறோம்?

1956-இல் நாகபுரியில் அம்பேத்கர் பௌத்தம் தழுவினார். அதற்குப் பிறகு மராத்தியில் எழுந்த தலித் கவிதையைப் படியுங்கள். தயா பவாரின் புத்தர் கவிதையில், புத்தர் தங்கிய ஜேதவனச் சோலையில் கண்மூடி அமர்ந்திருக்கிறவராக உன்னை நான் பார்த்ததே இல்லை என்கிறார். அஜந்தாக் குகைச் சிற்பமாகவும் இல்லை. அவர் பார்க்கிற புத்தர் நடக்கிறார், பேசுகிறார், கையில் பந்தத்தோடு இருட்டில் குடிசை குடிசையாகப் போகிறார். இதை முதன்முதலில் மொழிபெயர்ப்பில் படித்தபோது எங்கள் தெரு ஞாபகம் வந்தது. தெருவிளக்கு எங்கள் தெருவுக்குள் வராமல் முனையோடு நின்றிருந்த காலம் அது. அந்த முனையைத் தாண்டி உள்ளே வருகிற புத்தர்தான் எனக்கு வேண்டும்.

இதுவும் கவிதையில் பௌத்தம்தான். இதற்கு மூன்று வரி போதாது. கோபத்துக்கு இடம் வேண்டும்.

---

கெடிலக்கரை – ஞாயிறு, காலை 8.20

தோழர், நீங்கள் சொல்வது சரி. அயோத்திதாசரை விட்டுத் தொடங்கியது என் பிழை. 'பார்க்கும் பழக்கம்' என்று நான் சொன்னதில், யாரைப் பார்க்காமல் விட்டோம் என்ற கேள்வியும் சேர வேண்டும். தயா பவாரின் அந்தக் கவிதையை இன்றைக்கே தேடிப் படிக்கிறேன்.

---

வடலூர் தமிழாசிரியை – ஞாயிறு, காலை 11.40

நெல்லிக்குப்பம் அண்ணன் சொன்ன நடக்கிற புத்தர் தமிழுக்குப் புதியவர் இல்லை. மணிமேகலை நடந்தவள்தான். கையில் அமுதசுரபியோடு முதலில் அவள் போனது பசித்தவர்களிடம், பிறகு சிறைக்கோட்டத்துக்கு. சிறைக்கோட்டத்தை அறக்கோட்டமாக மாற்றச் சொல்லி அரசனிடம் கேட்டவள். "உண்டி கொடுத்தோர் உயிர் கொடுத்தோரே" என்ற வரியைப் பத்தாம் வகுப்புப் பிள்ளைகள் மனப்பாடம் செய்வார்கள். அது ஒரு பௌத்தக் காப்பிய வரி என்று சொன்னால் ஆச்சரியப்படுவார்கள்.

எனக்கு அதைவிடப் பெரிய ஆச்சரியம் கடைசிக் காதை. பௌத்தத்தின் மையமான, ஒன்றைச் சார்ந்து ஒன்று தோன்றுகிற பன்னிரண்டு சார்புகளையும் சாத்தனார் அப்படியே தமிழில் வரிசையாகச் சொல்கிறார். பேதைமை, செய்கை, உணர்வு, அருவுரு, வாயில், ஊறு, நுகர்வு, வேட்கை, பற்று, பவம், தோற்றம், வினைப்பயன். பவம் ஒன்றைத் தவிர மற்றவை நாம் இன்றும் புழங்குகிற சொற்கள் அல்லது அவற்றின் பக்கத்துச் சொற்கள். ஊறு என்றால் தொடுதல். தொட்டால் நுகர்வு, நுகர்ந்தால் வேட்கை, வேட்டால் பற்று. சத்தம் போட்டு ஒரு தடவை சொல்லிப் பாருங்கள், படிக்கட்டில் இறங்குவது போல இருக்கும். இத்தனை சொல்லும் கையில் இருக்கும்போது, புதுக்கவிதையில் நாம் 'சூன்யம்' ஒன்றை மட்டும் பிடித்துக்கொண்டு சுற்றி வந்தது ஏன் என்பது எனக்கு நீண்ட நாள் வருத்தம். வாயில் என்ற சொல்லில் ஒரு கவிதைத் தொகுப்பே எழுதலாம்.

அப்புறம் குண்டலகேசி, இன்னொரு பௌத்தக் காப்பியம். முழு நூல் நம்மிடம் இல்லை, கொஞ்சம் பாடல்கள்தான் மிஞ்சின. அதில் ஒன்று, குழந்தையாய் இருந்தது செத்தது, சிறுவனாய் இருந்தது செத்தது, காளைப் பருவம் செத்தது என்று அடுக்கிக்கொண்டே வந்து, "நாளும்நாள் சாகின்றாமால் நமக்குநாம் அழாத தென்னோ" என்று கேட்கிறது. இதைவிட நவீனமான வரி எனக்குத் தெரியாது. போன வருடம் என் அப்பா காரியம் முடிந்து, வீட்டில் கூட்டமெல்லாம் போனபிறகு, எனக்குள் இந்த வரிதான் ஓடிக்கொண்டிருந்தது. ஆறுதலாக இருந்தது என்று சொல்ல மாட்டேன். பக்கத்தில் ஒருவர் உட்கார்ந்திருந்தது போல இருந்தது.

வள்ளலாரை நான் பௌத்தர் என்று சொல்ல வரவில்லை, அவர் வழி வேறு. ஆனால் 1867-இல் அவர் எங்கள் ஊரில் தருமசாலையில் மூட்டிய அடுப்பு இன்றும் எரிகிறது. வாடிய பயிரைக் கண்டு வாடியவர் அவர். அமுதசுரபிக் கதையைச் சொல்லிக்கொடுத்துவிட்டு ஜன்னல் வழியாகப் பார்த்தால், பந்திக்கு வரிசையில் நிற்கிறவர்கள் தெரிகிற ஊரில் நான் பாடம் நடத்துகிறேன்.

---

காலாப்பட்டு – ஞாயிறு, மாலை 6.25

நான் யாழ்ப்பாணத்தில் பிறந்தவன். இங்கே வந்து முப்பது வருசத்துக்கு மேலாகுது. பேசலாமா வேண்டாமா என்று யோசித்துவிட்டுத்தான் எழுதுகிறேன்.

உங்களுக்குப் புத்தர் என்றால் கவிதை. எங்களுக்குச் சின்ன வயதில் புத்தர் என்றால் சந்தியில் காவலோடு இருக்கிற சிலை. பௌத்தம் என்ற சொல்லைக் கேட்டதும் உடம்பு இறுகிப்போகிற ஒரு தலைமுறை நாங்கள். 1981 மே 31 இரவு எங்கட யாழ்ப்பாண நூலகத்துக்குத் தீ வைத்தார்கள். தொண்ணூறாயிரத்துக்கும் மேற்பட்ட புத்தகங்கள், ஓலைச்சுவடிகள். அப்பா மறுநாள் போய்ப் பார்த்துவிட்டு வந்து அன்றைக்குச் சாப்பிடவில்லை. சட்டைக் கையில் சாம்பல் ஒட்டியிருந்தது.

அந்தத் தீயைப் பற்றி எம். ஏ. நுஃமான் எழுதிய கவிதை 'புத்தரின் படுகொலை'. கனவில் புத்தர் சுடப்பட்டு, நூலகப் படிக்கட்டில் இறந்து கிடக்கிறார். சுட்டவர்கள் சிவில் உடையில் வந்த காவலர்கள். சுட்டது மட்டும் போதாமல், புத்தகங்களை எடுத்து அவர் உடலை மூடி எரிக்கிறார்கள். அந்தப் புத்தகங்களோடு தம்மபதமும் சாம்பலாகிறது. வேறு ஒருவராக இருந்தால் புத்தரைத் திட்டி எழுதியிருப்பார். நுஃமான் அவரைக் கொல்லப்பட்டவர்களின் பக்கம் கிடத்தினார். அந்தக் கவிதையைப் படித்த பிறகுதான், சந்தியில் இருந்த சிலையையும் புத்தரையும் நான் பிரித்துப் பார்க்கப் பழகினேன்.

மிஷன் வீதி ஐயா நெருப்பு உபதேசம் பற்றி எழுதியதைப் படிக்கும்போது கை நடுங்கியது. எல்லாம் எரிகிறது என்றவரையே எரித்தார்கள். நவீனத் தமிழ்க் கவிதையில் புத்தர் எங்கே என்று யாராவது கேட்டால் நான் அந்தப் படிக்கட்டைத்தான் காட்டுவேன்.

---

மிஷன் வீதி – ஞாயிறு, மாலை 6.58

நீங்கள் எழுதியதற்கு நன்றி. அந்தக் கவிதையைப் பாழ்நிலத்துக்குப் பக்கத்தில் வைத்துப் படிக்க எனக்கு இத்தனை காலம் தோன்றவில்லை.

---

பண்ருட்டிக்காரி – ஞாயிறு, இரவு 8.30

நான் அதிகம் படித்தவள் இல்லை. ஜப்பானிய ஹைக்கூக் கவி இஸ்ஸாவின் ஒரு கவிதை மட்டும் தெரியும். 1819-இல் அவருடைய சின்ன மகள் அம்மையில் இறந்துபோனபோது எழுதியது. இந்த உலகம் பனித்துளி உலகம்தான், பனித்துளி உலகம்தான், ஆனாலும், ஆனாலும். அத்துடன் முடிந்துவிடும்.

நிலையாமையை ஒப்புக்கொண்டவர்தான் அவர். புத்தரை வணங்கியவர். அப்படியும் இரண்டு முறை 'ஆனாலும்' சொல்கிறாரே, அந்த இடத்தில்தான் எனக்கு அவரைப் பிடித்தது. எங்கள் வீட்டிலும் ஒரு குழந்தை தங்கவில்லை. எல்லோரும் வந்து 'விதி', 'எழுதினது அவ்வளவுதான்' என்றார்கள். அதற்கு என் பதில் என்னவென்று அப்போது எனக்குத் தெரியவில்லை. இப்போது தெரியும்.

---

புதுப்பாளையம் மாணவன் – ஞாயிறு, இரவு 9.05

ஐயா, நேற்றைய போட்டியில் நானும் எழுதினேன், பரிசு வரவில்லை. தப்பு எங்கே என்று சொல்வீர்களா? தேவனாம்பட்டினம் கடற்கரையில் பார்த்தது.

வலை காயும் மணல்
உள்ளேயும் வெளியேயும் நண்டு நடந்த தடம்
மீனவன் வாழ்க்கையும் இப்படித்தான்

---

கெடிலக்கரை – ஞாயிறு, இரவு 9.22

தம்பி, மூன்றாவது வரியை அடித்துவிடு.

முதல் இரண்டு வரியில் நீ மணலில் குனிந்து பார்த்திருக்கிறாய். காய்கிற வலை நண்டைப் பிடிக்காது, நண்டு அதன் மேலேயே போய் வந்திருக்கிறது. இதைப் பார்க்கத் தனியாகக் கொஞ்ச நேரம் நின்றிருக்க வேண்டும். மூன்றாவது வரியில் நீ நிமிர்ந்து எங்களைப் பார்த்துவிட்டாய். எங்களுக்கு விளங்குமோ விளங்காதோ என்ற சந்தேகம் வந்துவிட்டது. விளங்கும்.

---

புதுப்பாளையம் மாணவன் – ஞாயிறு, இரவு 9.26

அப்போ இரண்டு வரிதானே ஐயா இருக்கும்? ஹைக்கூ ஆகுமா?

---

கெடிலக்கரை – ஞாயிறு, இரவு 9.31

ஜப்பானிய மொழியில் அதை ஒரே வரியாகத்தான் எழுதுவார்கள், பதினேழு அசை. பவுண்ட் இரண்டு வரியில் நிறுத்தினார். இரண்டு வரியாகவே இருக்கட்டும். நாளைக் காலையில் திரும்பவும் கடற்கரைக்குப் போ. மூன்றாவது வரி இருந்தால் அங்கேதான் இருக்கும்.

---

பண்ருட்டிக்காரி – ஞாயிறு, இரவு 9.50

கெடிலக்கரை அண்ணா, நேற்றிலிருந்து கேட்க நினைத்தேன். அந்த முருங்கைப்பூவை அம்மா என்ன செய்தார்கள்?

---

கெடிலக்கரை – ஞாயிறு, இரவு 10.04

பாசிப்பருப்பு போட்டுப் பொரியல் செய்தார்கள் அம்மா. சமையலறை போய்விட்டதால் திண்ணையில் மூன்று செங்கல் வைத்து, ஈர விறகோடு மல்லுக்கட்டி. எதிர்வீட்டில் கூரை முழுதாகப் போயிருந்தது, அவர்கள் ஐந்து பேரும் எங்களோடுதான் சாப்பிட்டார்கள். உப்பு கொஞ்சம் கூடிவிட்டது.